மாயர்கள் எங்கே போனார்கள்? – வாசகர் கேள்வி பதில்

இரண்டு இதழ்களுக்கு முன் இந்தப் பக்கத்தில் குவாத்தமாலா நாட்டிலுள்ள டிக்கால் கோயிலின் படம் ஒன்றை வெளியிட்டு, அதன் கீழே ‘மறைந்துபோன மாயர்களின் நகரம்’ என்று எழுதியிருந்தோம். அந்த ஒரு வரியை ஒட்டி வந்த கடிதங்களே இம்முறை பகுதி முழுவதையும் எடுத்துக்கொண்டன. வரியை எழுதியவன் நான்தான். அதில் எந்தச் சொல் பிழை என்பதை முதல் பதிலிலேயே ஒப்புக்கொள்கிறேன். மாயா மொழிகளில் தொண்டையில் வெட்டி நிறுத்தி ஒலிக்கும் மெய்கள் பல உண்டு. அவற்றுக்குத் தமிழில் எழுத்து இல்லாததால், கீழே வரும் பெயர்களைத் தோராயமான ஒலிபெயர்ப்பாகவே கொள்ள வேண்டுகிறேன்.

எட்டாம் வகுப்புக்குச் சமூக அறிவியல் நடத்துகிறேன். அவ்வளவு பெரிய நகரங்களைக் கட்டியவர்கள் ஒரே இரவில் காணாமல் போனது எப்படி என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். என்ன சொல்வது?
– ஆசிரியை, கும்பகோணம்

ஒரே இரவிலும் அல்ல, அவர்கள் காணாமலும் போகவில்லை. ‘மறைந்துபோன’ என்று நான் எழுதியதுதான் பிழை. குவாத்தமாலாவின் 2018 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் நாட்டு மக்களில் ஏறத்தாழ 42 விழுக்காட்டினர், அதாவது 60 லட்சத்துக்கும் மேற்பட்டோர், தம்மை மாயா இனத்தவர் என்று பதிவு செய்திருக்கிறார்கள். மெக்சிகோவின் யுகடான் தீபகற்பத்திலும் சியாபாஸ் மாநிலத்திலும், பெலீஸிலும், ஹோண்டுராஸின் மேற்கு ஓரத்திலும் வாழ்பவர்கள் இந்தக் கணக்கில் சேராதவர்கள்.

மறைந்தது ஒரு வகை அரசாட்சிதான். கி.பி. 250 முதல் 900 வரையான காலத்தில் டிக்கால், பலென்கே, கோபான், கலக்முல் போன்ற தாழ்நில நகரங்கள் ஒவ்வொன்றும் தனக்கென ஓர் அரசனைக் கொண்டு, தமக்குள் பெண் கொடுத்தும் எடுத்தும், போரிட்டும் சமாதானம் செய்தும் விளங்கின. அரசன் தான் பட்டமேறிய நாளையும் பகைவனைச் சிறைபிடித்த நாளையும் கல்லில் வெட்டி நிறுத்தினான். எட்டாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து இந்த நகரங்கள் ஒவ்வொன்றாகக் கல் வெட்டுவதை நிறுத்தின. டிக்காலில் நாள் குறித்த கடைசிக் கல் 869ஆம் ஆண்டைச் சேர்ந்தது. நாட்களை ஒரே தொடராக எண்ணும் அவர்களுடைய நீள்கணக்கு முறைப்படி நாள் பொறித்துக் கிடைத்தவற்றுள் கடைசிக் கல்வெட்டு டொனினா நகரில், 909ஆம் ஆண்டுக்கு உரியது.

காரணம் ஒன்றல்ல. யுகடானில் உள்ள சிச்சன்கனாப் ஏரியின் அடிச்சேற்றைத் துளைத்தெடுத்து ஆராய்ந்தவர்கள், அந்தக் காலத்தில் நீண்ட வறட்சிகள் மீண்டும் மீண்டும் வந்ததைக் கண்டார்கள். டிக்காலுக்கு ஆறு கிடையாது என்பதை இங்கே நினைவில் வைக்க வேண்டும். முற்றங்களுக்குச் சுண்ணச்சாந்து பூசி, சரிவு கொடுத்து, விழும் மழை முழுவதையும் குளங்களுக்குத் திருப்பிவிட்டு, அந்தக் குளத்து நீரைக் கொண்டே ஆண்டின் வறண்ட மாதங்களைக் கடத்திய ஊர் அது. அங்குள்ள கொரியென்டால் என்ற குளத்தில், நீரை வடிகட்டுவதற்காக வெளியிலிருந்து கொண்டுவந்து கொட்டிய படிக மணலும் சியோலைட் என்னும் கனிமமும் இருந்ததை 2020இல் வெளியான ஆய்வு காட்டியது. குளத்தைத் தூர்வாராத ஊருக்கு என்ன நேரும் என்பதைக் கும்பகோணத்து ஆசிரியைக்கு நான் விளக்க வேண்டியதில்லை. வறட்சியோடு ஓயாத போர்களும், காடழிந்து மண் அரித்ததும் சேர்ந்துகொண்டன. மழைக்கும் மண்ணுக்கும் தெய்வங்களிடம் பரிந்து பேசுபவன் என்ற தகுதியில் ஆண்ட அரசன் அந்தத் தகுதியை இழந்தான். மக்கள் வேறிடம் பெயர்ந்தார்கள்.

வடக்கே சிச்சென் இட்சா தழைத்தது அதன் பிறகுதான். மாயப்பான் நகரம் 15ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை நீடித்தது. குவாத்தமாலாவின் மேட்டு நிலத்தில் கிச்சே என்ற மாயா மக்களின் அரசை ஸ்பானியர்கள் 1524இல் வீழ்த்தினார்கள். பெத்தேன் காட்டு ஏரியின் நடுவே இருந்த நோக்பெத்தேன் என்ற, இட்சா என்னும் மாயா மக்களின் நகரம் 1697 மார்ச் 13 வரை தலைவணங்கவில்லை. பாடநூலில் ‘9ஆம் நூற்றாண்டில் மறைந்தனர்’ என்று இருந்தால், அதன் பக்கத்தில் 1697 என்று கரும்பலகையில் எழுதிவிட்டு, இடையில் இருந்தவர்கள் யார் என்று பிள்ளைகளையே கேளுங்கள்.

மாமயன் நம் சிற்ப மரபின் மூலவர். பிரமிடுகளைக் கட்டிய மாயர்கள் அவர் வழி வந்தவர்கள்தானே? இதை ஏன் மூடி மறைக்கிறீர்கள்?
– வாசகர், மாமல்லபுரம்

மூடி மறைக்க என்னிடம் எதுவும் இல்லை. மயன் நம் இலக்கியத்தில் பெருமையோடு இருக்கிறான். கோவலனும் கண்ணகியும் அமர்ந்த கட்டிலையே மயன் செய்தது போன்றது என்று சிலப்பதிகாரம் சொல்கிறது. ஆனால் இரண்டு பெயர்கள் ஒத்து ஒலிப்பது உறவுக்குச் சான்றாகாது. ‘மாயா’ என்பது யுகடான் பகுதியில் வழங்கிய பெயர், மாயப்பான் என்ற ஊரின் பெயரிலும் அதைக் காணலாம். மற்றப் பகுதியினர் தம்மைக் கிச்சே, கக்சிகேல், மாம், கெக்சி, இஷில், ட்சோட்சில் என்றே அழைத்துக்கொண்டார்கள். குவாத்தமாலாவில் அனைவருக்கும் பொதுவான அடையாளமாக ‘மாயா’ என்ற சொல்லை அவர்களே வலியுறுத்திக் கையிலெடுத்தது கடந்த நூற்றாண்டின் இறுதிப் பகுதியில்தான்.

கட்டடங்களும் இதையே சொல்கின்றன. கோபான் நகரில் 16ஆம் எண் கோயிலுக்குள் சுரங்கம் வெட்டிச் சென்றவர்கள், உள்ளே ரோசாலீலா என்று இன்று பெயரிட்டிருக்கும் முந்தைய கோயில் ஒன்று சிவப்புப் பூச்சுக் கலையாமல் முழுதாக நிற்பதைக் கண்டார்கள். அதற்கும் உள்ளே அதைவிடப் பழையவை இருந்தன. பழைய கோயிலை இடிக்காமல், அதையே கருவாக வைத்துப் புதியதை மேலே போர்த்துவது அவர்கள் வழக்கம். வெங்காயத்தை உரிப்பது போல உரித்துக்கொண்டே போனால், மண் திண்ணையிலிருந்து கல்கோபுரம் வரை அந்தக் கலை அந்த மண்ணிலேயே படிப்படியாக வளர்ந்தது தெரிகிறது. வெளியிலிருந்து ஒரு சிற்பி வந்து கற்றுக்கொடுத்த தடம் எந்த அடுக்கிலும் இல்லை. உலோகக் கருவியும் பாரம் இழுக்கும் விலங்கும் இல்லாமல் இதைச் செய்தவர்களுடைய உழைப்பை இன்னொருவர் கணக்கில் எழுதுவது, அந்த இன்னொருவர் நாமாகவே இருந்தாலும், நியாயமாகப் படவில்லை.

2012 டிசம்பரில் உலகம் அழியும் என்று மாயா காலண்டரைக் காட்டிப் பயமுறுத்தினார்கள். அந்தக் காலண்டரை இப்போது யாராவது பார்க்கிறார்களா?
– ஓய்வுபெற்ற அஞ்சல் ஊழியர், திருநெல்வேலி

பார்க்கிறார்கள், ஆனால் 2012க்குக் காரணமான கணக்கை அல்ல. அது நீள்கணக்கு. ஒரு நாள் கின், 20 கின் ஒரு வினால், 18 வினால் அதாவது 360 நாள் ஒரு துன், 20 துன் ஒரு கதுன், 20 கதுன் ஒரு பக்துன். பக்துன் ஒன்றுக்கு 1,44,000 நாள். கி.மு. 3114 ஆகஸ்டில் தொடங்கியதாக அவர்கள் கொண்ட இந்த எண்ணிக்கையில் 13 பக்துன் நிறைந்த நாள் 2012 டிசம்பர் 21. வண்டியின் கிலோமீட்டர் கணக்கில் எண்கள் எல்லாம் சேர்ந்து உருளும் நாள், அவ்வளவுதான். பலென்கே மன்னன் பகாலின் சமாதிக் கோயில் கல்வெட்டு, அவன் பட்டமேற்பின் ஆண்டு நிறைவை கி.பி. 4772 வரை முன்கூட்டியே கணக்கிட்டு வைத்திருக்கிறது. 2012இல் உலகம் முடியும் என்று நம்பியவர்கள் அப்படி எழுதியிருக்க மாட்டார்கள்.

இன்றும் உயிரோடு இருப்பது 260 நாள் வட்டம். 1 முதல் 13 வரையான எண்களும் 20 நாட்பெயர்களும் ஒன்றோடொன்று பல் பொருந்திச் சுழல்வதால், அதே எண்ணும் பெயரும் மீண்டும் சேர 260 நாளாகும். கிச்சே மொழியில் இதற்குச் சோல்கிஹ் என்று பெயர். இதைக் காப்பவர் ‘அக்கிஹ்’; ‘நாளுக்கு உரியவர்’ என்று பொருள் கொள்ளலாம். ஸ்பானியப் பாதிரிமார் தடுத்தும், குவாத்தமாலாவின் மேட்டு நில ஊர்களில் இந்த எண்ணிக்கை ஒரு நாளும் தவறாமல் தொடர்ந்து வந்திருக்கிறது.

அக்கிஹ் குறி பார்ப்பதைச் சற்று அருகில் போய்ப் பார்க்கலாம். நம் ஊர்க் கல்யாண முருங்கையின் இனத்தைச் சேர்ந்த ஒரு மரத்தின் சிவப்பு விதைகளை அவர் பையில் வைத்திருப்பார். கேள்வியைக் கேட்டபின் கைநிறைய அள்ளி, மேசை மீது நான்கு நான்காகப் பிரித்து வரிசையாக வைத்து, ஒவ்வொரு குவியலுக்கும் ஒரு நாளாக, அந்த நாளின் தெய்வத்தை அழைத்தபடி எண்ணிச் செல்வார். கணக்கு எந்த நாளில் போய் நிற்கிறதோ அதிலிருந்து பதில் பிறக்கும். பக்கத்தில் குங்கிலியம் போன்ற கோபால் பிசின் புகையும். மொமோஸ்தெனாங்கோ என்ற ஊரில் ‘எட்டு பாட்ஸ்’ என்னும் நாளில், 260 நாளுக்கு ஒருமுறை, புதிய அக்கிஹ்கள் தீட்சை பெறுகிறார்கள். ஆண் பெண் இருபாலாரும் இந்தப் பொறுப்புக்கு வரலாம்.

மாயா எழுத்தை எப்படிப் படித்தார்கள்? இன்றைய மாயர்களால் அதைப் படிக்க முடியுமா?
– கல்லூரி மாணவி, நாகர்கோவில்

இந்தக் கேள்விக்காகவே இந்தப் பகுதியை எழுத உட்கார்ந்தேன் என்று சொன்னாலும் தவறில்லை.

1562 ஜூலையில் யுகடானின் மானி என்ற ஊரில், டியெகோ டெ லாண்டா என்ற பிரான்சிஸ்கன் துறவி, மாயர்களின் ஏடுகளைத் திரட்டித் தீயிட்டார். அவற்றில் சாத்தானின் பொய்களைத் தவிர வேறொன்றும் இல்லை என்பது அவர் கருத்து. மாயர்கள் மிகவும் வருந்தினார்கள் என்று அவரே பதிவும் செய்திருக்கிறார். மரப்பட்டைத் தாளில் எழுதிய மாயா ஏடுகளில் இன்று உலகில் மிஞ்சியிருப்பவை நான்கே: டிரெஸ்டன், மாட்ரிட், பாரிஸ் நகரங்களில் ஒவ்வொன்று, நான்காவது, மெய்யானதுதானா என்று நெடுங்காலம் வழக்காடப்பட்டு, 2018இல் மெக்சிகோவின் ஆய்வாளர்களால் உறுதி செய்யப்பட்டது.

எரித்த அதே கை பூட்டுக்குச் சாவியையும் விட்டுச் சென்றது. லாண்டா ஒரு மாயா எழுத்தரை உட்கார வைத்து, ஸ்பானிய அகரவரிசையை ‘ஆ, பே, சே’ என்று ஒவ்வொன்றாகச் சொல்லி, உங்கள் எழுத்தில் இதை எழுது என்றார். மாயா எழுத்தில் தனி மெய் கிடையாது. சொற்குறிகளும், நம் உயிர்மெய் போன்ற அசைக்குறிகளும்தான் உண்டு. எனவே எழுத்தர் ‘பே’ என்று காதில் விழுந்ததற்கு ‘பெ’ என்ற அசைக்குறியை எழுதினார். லாண்டா அதைத் தனி மெய்யெழுத்து என்று நினைத்துக்கொண்டார். கடைசியில் ஏதாவது ஒரு வாக்கியம் எழுது என்றபோது எழுத்தர் எழுதியது: ‘மா இன் கதி’. ‘எனக்கு விருப்பமில்லை’ என்று பொருள். அந்த மனிதர் சலித்துப்போய் எழுதினாரா, குறும்பாக எழுதினாரா என்று யாருக்குத் தெரியும்? எனக்கு அந்த நான்கு அசைகள் மிகவும் பிடித்தமானவை.

லெனின்கிராடில் இருந்த யூரி க்னோரோசோவ் 1952இல், லாண்டாவின் பட்டியல் அகரவரிசை அன்று, அசைவரிசை என்று வாதிட்டார். பனிப்போர்க் காலத்தில் ஒரு சோவியத் ஆய்வாளர் சொன்னதை மேற்குலகில் பலர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மாயர்களின் மண்ணை அவர் நேரில் கண்டது ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் கழித்துத்தான். 1960இல் தாத்தியானா புரோஸ்குரியாகோவ் என்ற ஆய்வாளர், பியெத்ராஸ் நெக்ராஸ் என்ற மாயா நகரின் கற்களில் உள்ள நாட்களை வரிசைப்படுத்தி, அவை கோள்களின் கணக்கல்ல, அரசர்களின் பிறப்பும் பட்டமேற்பும் என்று காட்டினார். அதன்பின் கதவு திறந்துகொண்டது.

தமிழ் அறிந்தவர்களுக்கு இந்த எழுத்துமுறை எளிதில் பிடிபடும். ஜாகுவார் என்னும் புள்ளிப்புலிக்கு அவர்கள் சொல் ‘பாலம்’ (நம் பாலத்துக்கும் அதற்கும் உறவில்லை, மாமல்லபுரத்து வாசகர் மன்னிப்பாராக). அதைப் புலித்தலை ஒன்றை வரைந்தும் எழுதலாம், ‘ப-ல-ம’ என்று மூன்று அசைக்குறிகளிலும் எழுதலாம். மகர மெய்யில் சொல் முடிய வேண்டுமே என்றால், நாம் புள்ளி வைத்து அகரத்தை நீக்குகிறோம். அவர்களிடம் புள்ளி இல்லை; கடைசி அசையின் உயிரைப் படிப்பவரே விட்டுவிட வேண்டும். ரியோ அசுல் என்ற இடத்தில் ஒரு கல்லறையிலிருந்து, தூக்குவாளி போல மேலே கைப்பிடியும் திருகி மூடும் மூடியும் கொண்ட மண்கலம் ஒன்று கிடைத்தது. அதன் வெளிப்புறத்தில் ‘க-க-வ’ என்ற அசைகள் இருந்தன. ககாவ், அதாவது கொக்கோ என்று படித்தார்கள். கலத்தின் அடியில் ஒட்டியிருந்ததைச் சோதித்தபோது கொக்கோவுக்கே உரிய வேதிப்பொருள்கள் இருந்தன. எழுதியவர் சொன்னது சரியாக இருந்தது; படித்தவர்களும் சரியாகப் படித்திருந்தார்கள்.

காலனியாட்சியில் இந்த எழுத்து வழக்கொழிந்து, மாயர்கள் தம் மொழிகளை ரோமன் எழுத்தில் எழுதத் தொடங்கினார்கள். ஆகவே பிறப்பால் மாயராக இருப்பது மட்டும் ஒருவருக்கு அந்தக் கல்லைப் படிக்கும் திறனைத் தராது. நம்மில் எத்தனை பேர் வட்டெழுத்தைப் படிக்கிறோம்? ஆனால் 1980களின் இறுதியிலிருந்து மாயா ஆசிரியர்களும் மொழியியலாளர்களும் பட்டறைகளில் அமர்ந்து மூதாதையரின் எழுத்தைக் கற்றுவருகிறார்கள். வீட்டில் அந்த மொழிக்குடும்பத்தைப் பேசி வளர்ந்தவர்களுக்குக் கல்வெட்டின் வினைமுற்றும் உறவுச்சொல்லும் அகராதி இல்லாமலே புரிவதுண்டு.

மாயர்கள் நரபலி கொடுத்தார்களா?
– வாசகர், சேலம்

கொடுத்தார்கள், ஆனால் திரைப்படங்களில் காணும் அளவிலும் விதத்திலும் அல்ல. சிச்சென் இட்சாவில் நிலத்தடி அறை ஒன்றில் கிடைத்த 64 பேரின் எலும்புகளில் மரபணுவை ஆராய்ந்த முடிவு 2024இல் வெளியானது. அனைவரும் ஆண்பிள்ளைகள், பலர் நெருங்கிய உறவினர், ஒரே கருவில் உருவான இரட்டையரும் இருந்தார்கள். அருகிலுள்ள கிராமம் ஒன்றில் இன்று வாழும் மாயர்களின் மரபணுவோடு அது தொடர்புடையதாக இருந்தது என்பதும் அதே ஆய்வின் முடிவு. செய்தித்தாள்கள் முதல் பாதியை மட்டும் பெரிய எழுத்தில் போட்டன.

மக்காச்சோள ரொட்டிதான் அவர்கள் உணவு என்று படித்தேன். நான் செய்து பார்த்தால் மாவு ஒட்டுவதில்லை, விண்டுபோகிறது. என்ன ரகசியம்?
– இல்லத்தரசி, தேனி

சுண்ணாம்பு. முற்றிய மக்காச்சோள மணியைச் சுண்ணாம்பு கலந்த நீரில் வேகவைத்து, இரவு முழுவதும் அதிலேயே ஊறவிட்டு, காலையில் கழுவித் தேய்த்தால் மேல்தோல் கழன்று வரும். அந்த ஈரமணியை அம்மிக் கல்லிலோ, ஊரிலுள்ள மாவு அரவை ஆலையிலோ அரைத்தால் கையில் ஒட்டி உருளும் பதத்தில் மாவு கிடைக்கும். உருண்டையை இரு உள்ளங்கைகளுக்கும் இடையில் தட்டித் தட்டி வட்டமாக்கி, கொமால் என்ற தோசைக்கல் போன்ற தட்டில் சுடுவார்கள். மேட்டு நில ஊர்களில் பொழுது விடிவது இந்தத் தட்டும் ஓசையோடுதான்.

சுண்ணாம்பு சேர்ப்பதால் ஒட்டும் தன்மை மட்டுமல்ல, மக்காச்சோளத்தில் உடல் ஏற்காதபடி பிணைந்திருக்கும் நியாசின் என்ற உயிர்ச்சத்தும் விடுபடுகிறது. ஐரோப்பியர்கள் தானியத்தைக் கொண்டுபோனார்கள், பக்குவத்தைக் கொண்டுபோகவில்லை. அதையே முக்கிய உணவாக உண்ட வட இத்தாலி ஏழைகள் பெலாகரா நோயால் வதைபட்டார்கள். நம் பக்கத்தில் பெரும்பாலும் கோழித் தீவனமாகப் போகும் இந்தத் தானியம் அவர்களுக்கு வெறும் உணவு அன்று. 16ஆம் நூற்றாண்டில் கிச்சே மொழியில் எழுதப்பட்ட போபொல் வூ என்ற நூல், தெய்வங்கள் மண்ணாலும் மரத்தாலும் மனிதரைச் செய்து பார்த்துத் தோற்று, கடைசியில் மஞ்சள் சோளத்தையும் வெள்ளைச் சோளத்தையும் அரைத்த மாவால் செய்தபோதுதான் மனிதர் மனிதரானார் என்கிறது. வயலிலும் சோளம் தனியாக நிற்பதில்லை. தண்டைப் பற்றி அவரை ஏறும். தரையில் பூசணி படரும். இந்தக் கலப்பு வயலுக்கு மில்பா என்று பெயர்.

கடிதத்தின் கடைசியில் வீட்டுச் சப்போட்டா மரத்தைப் பற்றி எழுதியிருந்தீர்கள். அது யுகடான், பெத்தேன் காடுகளின் மரம்தான். பழத்தை அவர்கள் உண்டார்கள்; பாலைக் காய்ச்சிச் சிக்ளே என்ற பிசினாக்கி மென்றார்கள்; பிற்காலத்துச் சூயிங்கம் தொழில் அதிலிருந்தே பிறந்தது. மரத்தை அறுத்து டிக்கால் கோயில் வாசல்களுக்கு மேல் உத்தரமாக வைத்தார்கள். 8ஆம் நூற்றாண்டில் வைத்த அந்த உத்தரங்களில் சில அந்த மழைக்காட்டில் இன்னும் உளுக்காமல் பாரம் தாங்குகின்றன. செதுக்கு வேலைப்பாடு மிகுந்த சில, சுவிட்சர்லாந்தின் பாசல் நகர அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டன.

நான் குழித்தறியில் நெய்பவன். மாயா பெண்களின் நெசவு எப்படிப்பட்டது?
– நெசவாளர், காஞ்சிபுரம்

உங்கள் தறியில் குழி, சட்டம், மிதிகட்டை எல்லாம் இருக்கும். அவர்களுடைய தறிக்குச் சட்டமே கிடையாது. சில கோல்களும் ஒரு வாரும்தான். பாவின் ஒரு முனைக் கோலை மரத்திலோ தூணிலோ கட்டி, மறுமுனைக் கோலை இடுப்பைச் சுற்றிய வாரில் மாட்டிக்கொண்டு, பாயின்மேல் மண்டியிட்டு அமர்வார்கள். பின்னால் சாய்ந்தால் பாவு விறைக்கும், முன்னால் குனிந்தால் தளரும். உடலே தறியின் ஒரு பாகம். ஊடையைச் செலுத்தியபின் வாள் போன்ற மரப்பலகையால் அடித்து நெருக்குவார்கள். உருவங்கள் பெரும்பாலும் ஊடைக்கு மேல் தனி நூல் செருகி எடுப்பவை. உங்கள் புட்டா வேலைக்கு நெருங்கியவை. கைக்கு எட்டும் அகலம்தான் துணியின் அகலம் என்பதால், இரண்டு மூன்று பட்டிகளை இணைத்து ‘வீப்பில்’ என்ற மேலாடையைத் தைக்கிறார்கள். பட்டியின் நான்கு ஓரங்களும் கரையாகவே முடியும்படி நெய்யவும் இந்தத் தறியில் முடியும்.

எந்த ஊர்ப் பெண் என்பதை வீப்பிலின் நிறமும் உருவமும் சொல்லிவிடும். போர்க்காலத்தில் அதுவே ஆபத்தானதால், பல பெண்கள் அடையாளம் தெரியாதிருக்க அதைக் கழற்றி வைக்க நேர்ந்தது. இப்போதைய தொல்லை வேறு: மாதக்கணக்கில் நெய்யும் உருவத்தை ஆலைகள் அச்சிட்டு ஒரு நாளில் விற்றுவிடுகின்றன. நெசவுப் பெண்கள் கூட்டாக வழக்குத் தொடுத்தார்கள். 2017இல் குவாத்தமாலாவின் அரசமைப்பு நீதிமன்றம், இந்த வடிவங்களின் மீது சமூகங்களுக்குள்ள கூட்டு உரிமையைக் காக்கச் சட்டம் இயற்றும்படி நாடாளுமன்றத்தைக் கேட்டுக்கொண்டது. உருவத்தின் உரிமையாளர் ஒருவர் அல்லர், ஊர் முழுவதும் என்றால் எந்தப் பதிவேட்டில் யார் பெயரை எழுதுவது என்பதில்தான் சிக்கல். கைத்தறிக்காரருக்கு இது புதிய செய்தியாக இராது.

எந்தப் போர்க்காலம்? அவர்களுக்கு என்ன நேர்ந்தது?

நெசவுப் பதிலை எழுதியபின் இந்தக் கேள்வியைச் சேர்த்தவன் நானே. அதை விளக்காமல் தாண்டிப்போக முடியவில்லை. குவாத்தமாலாவில் 1960 முதல் 1996 வரை உள்நாட்டுப் போர் நடந்தது. ஐ.நா. ஆதரவில் அமைந்த உண்மை அறியும் ஆணையம் 1999இல் தந்த அறிக்கையின்படி, கொல்லப்பட்டும் காணாமல் ஆக்கப்பட்டும் போனவர்கள் 2 லட்சத்துக்கும் மேல். முழுமையாக அடையாளம் தெரிந்தவர்களில் 83 விழுக்காட்டினர் மாயர்கள். மீறல்களில் 93 விழுக்காடு அரசுப் படைகளையும் அவற்றைச் சார்ந்தோரையும் சாரும். 1981 முதல் 1983 வரை குறிப்பிட்ட மாயா மக்கள் மீது இனப்படுகொலைச் செயல்கள் நடந்தன என்று ஆணையம் முடிவு செய்தது. இஷில் மக்களின் ஊர்களில் 70 முதல் 90 விழுக்காடு வரை தரைமட்டமாயின.

அப்போதைய ஆட்சியாளர் எஃப்ரெயின் ரியோஸ் மொன்ட்டுக்கு 2013 மே 10 அன்று நீதிமன்றம் 80 ஆண்டுச் சிறை விதித்தது. பத்தே நாளில் அரசமைப்பு நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. மறுவிசாரணை முடியுமுன் 2018இல் அவர் இறந்தார். ஆனால் அந்த விசாரணையில், முகத்தைச் சால்வையால் மூடிக்கொண்டு இஷில் பெண்கள் தம் மொழியில் சொன்ன சாட்சியத்தை எந்த நீதிமன்றத்தாலும் ரத்து செய்ய முடியாது. போரில் உறவினரை இழந்த கிச்சே பெண் ரிகோபெர்த்தா மென்ச்சு 1992இல் அமைதிக்கான நோபல் பரிசு பெற்றார். 2023 அக்டோபரில், மக்கள் அதிபராகத் தேர்ந்தெடுத்தவரைப் பதவியேற்க விடாமல் செய்யும் முயற்சிகளை எதிர்த்து நாட்டைத் தெருவுக்கு அழைத்தவர்களும் தொத்தோனிகபானின் ‘48 கிராமங்கள்’ என்ற மாயா ஊராட்சி அமைப்பினரே. ஊர் கூடித் தேர்ந்தெடுக்க, ஊதியமின்றிக் கோல் ஏந்திப் பொறுப்பு வகிப்பவர்கள் அவர்கள். போராட்டம் நூறு நாளைத் தாண்டியது. தேர்வானவர் 2024 ஜனவரியில் பதவியேற்றார்.

மாயர்கள் வளர்த்த தேனீக்குக் கொடுக்கு இல்லை என்பது உண்மையா?
– தேனீ வளர்ப்பவர், மார்த்தாண்டம்

உண்மை. நம் கொசுத்தேனீயின் உறவுக்காரி. ஆனால் உருவத்தில் பெரியவள். யுகடானில் ‘ஷுனான் காப்’ என்பார்கள். ‘தேனீச் சீமாட்டி’ என்று சொல்லலாம். உட்புறம் குடைந்த மரத்துண்டின் இரு முனைகளையும் அடைத்து, நடுவில் சிறு துளை விட்டால் அதுவே கூடு. மாட்ரிட் ஏட்டில் தேனீ வளர்ப்புக்கென்றே பக்கங்கள் உள்ளன. மெக்சிகோவின் காம்பெச்சே மாநிலத்தில் மரபணு மாற்றிய சோயாவுக்காகக் காடு அழிந்து தேன் கெட்டபோது, லெய்டி பெச் என்ற மாயா தேனீ வளர்ப்பாளர் மற்றவர்களைத் திரட்டி வழக்காடினார். உள்ளூர் மக்களைக் கலந்துகொள்ளாமல் அனுமதி தந்தது தவறு என்று 2015இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2017இல் உரிமம் ரத்தானது. 2020இல் கோல்ட்மன் சுற்றுச்சூழல் பரிசு அவருக்குக் கிடைத்தது.

மாயா மொழியில் ‘நலமா?’ என்று எப்படிக் கேட்பார்கள்?
– ஏழாம் வகுப்பு மாணவன், மன்னார்குடி

எந்த மாயா மொழி என்று முதலில் சொல்ல வேண்டும், தம்பி. ஏறத்தாழ 30 மொழிகள் இருக்கின்றன. குவாத்தமாலா மட்டும் 22ஐ அதிகாரபூர்வமாக ஏற்றிருக்கிறது. கிச்சே பேசுவோர் சுமார் பத்து லட்சம் பேர். அமெரிக்காவின் குடியேற்ற நீதிமன்றங்களில் இன்று மாம் மொழிக்கு மொழிபெயர்ப்பாளர்களைத் தேட வேண்டியிருக்கிறது. மறுபக்கம், 1697 வரை தாக்குப்பிடித்த இட்சா மக்களின் மொழியைச் சரளமாகப் பேசுவோர் விரல்விட்டு எண்ணத்தக்க முதியோர் மட்டுமே.

நீ யுகடானுக்குப் போவதாக வைத்துக்கொள்வோம். எதிரில் வருபவரிடம் ‘பிஷ் அ பேல்?’ என்று கேட்க வேண்டும். சொல்லுக்குச் சொல் பார்த்தால் ‘உன் பாதை எப்படி இருக்கிறது?’ என்று அர்த்தம். அவர் ‘மாலோப்’ என்பார். நன்றாக இருக்கிறது என்று பொருள்.